ருசி பார்த்த நாக்கு

“சாமிக்குப் படைக்கிறதுக்கு முன்னாடி ஒரு பருக்கைகூட வாயில படக்கூடாது. ஞாபகம் இருக்குல்ல?”

காலையிலிருந்து மாமியாருக்கு இதே பாட்டு.

“இருக்கு அத்தை,” என்றாள் மருமகள்.

கல்யாணமாகி வந்த முதல் பண்டிகை. சொந்தபந்தம் மொத்தமும் வரப்போகிறது. அதிலும் நாத்தனாருக்குக் குறை சொல்வது கைவந்த கலை. ருசியே பார்க்காமல் குருட்டாம்போக்கில் சமைத்து நல்ல பேர் வாங்கு என்றால் எங்கே போய் வாங்குவது?

பால் இனிப்பைக் கிண்டி இறக்கினாள். மாமியார் பாத்திரத்தை எட்டிப் பார்த்தார். மேடையில் மூடாமல் கிடந்த டப்பாவையும் பார்த்தார்.

“நீ போய்க் குளிச்சுப் புடவை மாத்திக்கிட்டு, வர்றவங்களைக் கவனி. அடுப்பை நான் பாத்துக்கறேன்.”

என்ன கரிசனம் என்று வியந்தபடி நகர்ந்தவள், மறந்துவிட்ட துண்டை எடுக்கத் திரும்பி வந்தாள். உள்ளே மாமியார் இனிப்பை உள்ளங்கையில் விட்டு நக்கிக்கொண்டிருந்தார். நக்கியதோடு விடாமல் முகத்தை வேறு சுளித்தார்.

உபதேசம் ஊருக்குத்தான் போலிருக்கிறது. மருமகள் சத்தம் காட்டாமல் போய்விட்டாள். இதைத் தனியாகக் கேட்டு வீணாக்க அவளுக்கென்ன பைத்தியமா?

படையல் முடிந்து பந்தி உட்கார்ந்தது. நாத்தனார் இனிப்பை வழித்துத் தின்றுவிட்டு, “பரவாயில்லையே அண்ணி, நல்ல கைப்பக்குவம்,” என்றாள்.

“நான் ருசி பாக்காம செஞ்சேன்,” என்றாள் மருமகள், குரலில் தேனைத் தடவிக்கொண்டு. “அத்தைதான் படைக்கிறதுக்கு முன்னாடியே ருசி பாத்துட்டாங்க. என் கண்ணால பாத்தேன்.”

பந்தி கொல்லென்று சிரித்தது.

“எங்களை எல்லாம் வாயைக் கட்டி வச்சியேம்மா, உனக்குத் தனிச் சட்டமா?” என்றாள் நாத்தனார்.

மாமியாருக்கு முகம் சிறுத்துப்போனது. “வயசாச்சு. நாக்கு அடங்க மாட்டேங்குது,” என்றார்.

ஜெயித்த பூரிப்போடு இன்னும் இனிப்பு எடுக்க அடுப்பங்கரைக்குப் போனாள் மருமகள். தொட்டிக்கு அடியில், தட்டு போட்டு மூடிய பாத்திரம் ஒன்று காலில் இடறியது. திறந்தாள். காலையில் அவள் கிண்டிய இனிப்பு அப்படியே இருந்தது. அப்படியானால் பந்தியில் பரிமாறியது?

விரலால் தொட்டு நாக்கில் வைத்தாள். சர்க்கரை போட வேண்டிய இடத்தில் அத்தனையும் உப்பு.

கூடத்திலிருந்து மாமியாரின் குரல் கேட்டது.

“கூச்சப்படாம இன்னொரு கரண்டி போட்டுக்கோடி. எல்லாம் உங்க அண்ணி செஞ்சதுதான்.”