பின்னால் நாற்பது பேர்

அவள் இண்டிகேட்டரைப் போட்டாள். டிக், டிக், டிக்.

பக்கத்து இருக்கையிலிருந்து சத்தமே இல்லை. அதுதான் அவளுக்கு நம்பும்படியாக இல்லை.

பக்கத்தில் இருந்தவர் அவள் வீட்டுக்காரர். பஸ் டிரைவர். காலை முதல் டிரிப்பை முடித்துவிட்டு, சீருடையைக்கூட மாற்றாமல் வந்து உட்கார்ந்திருந்தார். எல் போர்டு மாட்டிய காரில் உரிமம் உள்ள ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும் என்பது சட்டம். சட்டத்துக்கு அவர் போதும். அவளுக்கோ போதும் போதும் என்றாகிவிட்டது.

மற்றதில் எல்லாம் அவர் குறை சொல்ல மாட்டார். அவள் தையல் மெஷின் பழுது பார்ப்பவள். எந்த மிதியை எவ்வளவு அழுத்த வேண்டும் என்று அவள் பாதத்துக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. தடம் மாறும்போதுதான் மனுஷனுக்குச் சாமி வந்துவிடும்.

பின்பக்கம் இடிக்கும், பின்பக்கம் இடிக்கும் என்று அலறுவார். ஒரு லாரி தாராளமாக நுழையும் இடைவெளியாக இருந்தாலும் அதே அலறல்தான். கை தானாக வந்து ஸ்டியரிங்கைப் பிடித்து, வண்டியைப் பழைய தடத்துக்கே இழுத்துவிடும்.

காரணம் அவளுக்குப் புரியாமல் இல்லை. இருப்பது கைக்குட்டை அளவு கார். ஆனால் அவர் மனக்கணக்கில் அவர்களுக்குப் பின்னால் இன்னும் நாற்பது பேர் உட்கார்ந்திருந்தார்கள். போதாக்குறைக்குப் படியில் வேறு ஆள் தொங்கியது. அத்தனை பேரையும் வைத்துக்கொண்டு எந்த இடைவெளியில் நுழைவது?

போன வாரம் அப்படித்தான், திரும்ப வேண்டிய இடத்தில் திரும்ப முடியாமல், ஓரத் தடம் போன போக்கில் பாலம் ஏறி ஆற்றுக்கு அக்கரையே போய்விட்டார்கள். இடுப்பொடிய மெஷினைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸில் அலைய வேண்டாம் என்றுதான் இந்தக் காரையே வாங்கினாள். இப்போது மெஷினும் அவளுமாக ஊர் சுற்றிப் பார்த்ததுதான் மிச்சம்.

இன்று காலை மகளைச் சாட்சிக்கு வைத்துக்கொண்டு ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டாள். ஸ்டியரிங்கில் அவர் கை இன்னொரு தடவை பட்டால், கார் சாவியை அலமாரியில் வைத்துவிடுவாள். அப்புறம் இந்த ஜென்மத்தில் தொட மாட்டாள். கோபத்தில் சொன்னதுதான். ஆனாலும் சொன்னால் சொன்னதுதான், அவள் சுபாவம் அப்படி.

இப்போது அதே பாலம் எதிரே தெரிந்தது. விட்டுவிட்டுப் போட்டிருந்த வெள்ளைக் கோடு சற்றுத் தூரத்தில் முழுக்கோடாகிவிடும். அதற்கு மேல் தாண்டினால் குற்றம். அதற்குள் உள்தடத்துக்குப் போனால்தான் சிக்னலில் திரும்பலாம்.

"இப்ப லேன் மாறப்போறேன். வாயத் தொறந்தீங்க, அவ்ளோதான்!" என்றாள், சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

பதிலுக்கு ஒரு நீளமான மூச்சு மட்டும் வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டிருக்கிறார் என்று நினைத்தாள். கடிக்கட்டும்.

உள்கண்ணாடி. பக்கக் கண்ணாடி. இரண்டையும் முழுசாக நம்பாமல் கழுத்தைத் திருப்பி, தன் ஜன்னல் வழியாகத் தோளுக்குப் பின்னால் ஒரு பார்வை.

நல்லவேளை, பார்த்தாள். எந்தக் கண்ணாடியிலும் தெரியாத ஒரு மோட்டார் சைக்கிள் கதவை ஒட்டினாற்போல் வந்துகொண்டிருந்தது. அதைப் போகவிட்டாள். ஓட்டியவர் ஹெல்மெட்டை ஆட்டிவிட்டுப் போனார்.

இதோ கை வரப்போகிறது என்று அவள் தோள் இறுகியது. வரவில்லை.

அடுத்து ஒரு வேன் போனது. வேனுக்குப் பின்னால் நிம்மதியான ஓர் இடைவெளி. மறுபடியும் கண்ணாடி, மறுபடியும் தோள். வேகத்தைக் குறைக்காமல், அவசரப்படாமல், வளைவில் துணியை நகர்த்துவது போல ஸ்டியரிங்கைக் கொஞ்சமே கொஞ்சம் திருப்பினாள்.

கார் கோட்டைத் தாண்டியது. யாரும் ஹாரன் அடிக்கவில்லை. யாரும் அலறவில்லை. இண்டிகேட்டரை அணைத்தாள்.

வெள்ளைக் கோடு முழுக்கோடானபோது அவள் உள்தடத்தின் நட்டநடுவில் போய்க்கொண்டிருந்தாள். சந்தோஷம் தாங்கவில்லை. தனக்குத்தானே வாய்விட்டுச் சிரித்துக்கொண்டாள்.

சிக்னலில் சிவப்பு விழுந்தது. நிறுத்தினாள். இனி அவர் பக்கம் பார்க்கலாம். வாயாரப் பாராட்டுவாரா, இல்லை இதிலும் ஒரு நொட்டை சொல்வாரா? திரும்பினாள்.

தலை ஜன்னலில் சாய்ந்திருந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது. மனுஷன் அடித்துப்போட்ட மாதிரி தூங்கிக்கொண்டிருந்தார்.

முதலில் கோபம்தான் வந்தது. இவ்வளவு பெரிய காரியத்தைச் செய்திருக்கிறாள், பார்க்க ஓர் ஆள் இல்லையே!

அப்புறம்தான் உறைத்தது.

கல்யாணமான நாளிலிருந்து இந்த மனுஷன் இன்னொருவர் ஓட்டும் வண்டியில் கண் மூடி அவள் பார்த்ததே இல்லை. டாக்ஸியில் தூங்க மாட்டார். கூடப்பிறந்த தம்பி ஓட்டினாலும் தூங்க மாட்டார். குடல்வால் வலியில் ஆம்புலன்ஸில் படுக்கவைத்துக் கொண்டுபோனபோதுகூட, தலையைத் தூக்கித் தூக்கி, கியரை மாத்து, கியரை மாத்து என்று வழி நெடுக டிரைவர் உயிரை வாங்கியவர்.

அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. அப்படியே விட்டுவிட ஆசைதான். ஆனால் சட்டப்படி அவர் விழித்திருக்க வேண்டுமே. பச்சை விழுவதற்குள் தோளைத் தட்டினாள்.

அவர் திடுக்கிட்டு நிமிர்ந்தார். வெளியே பார்த்தார், இடம் பிடிபடவில்லை. வாயைத் துடைத்துக்கொண்டு, தினமும் தன் பஸ்ஸில் தூங்கி எழுகிறவர்கள் தன்னிடம் கேட்பதை அவளிடம் கேட்டார்.

"டிரைவர், இது எந்த ஸ்டாப்பு?"