ரெய்னோவுக்கு ஒரு சபாஷ்

"இன்னும் ஒரே ஒரு ஆட்டம் போடுப்பா, உனக்குப் புண்ணியமாப் போகும்."

டெல்லெர்வோ அம்மாள் சந்தையில் மீனுக்குப் பேரம் பேசுகிற கறாரோடு நின்றாள். யாம்சா ஊரின் ஒரே தியேட்டருக்கு ஹெல்சின்கியிலிருந்து புது மேனேஜராக வந்திருந்த என்சியோ காலி நாற்காலிகளைக் காட்டினான்.

"கார் ராலி நடக்குற வாரம் முடிஞ்சு போச்சும்மா. இந்தப் பழைய கார்ப் பந்தயப் படத்துக்கு நீங்களும் அந்தப் பெரியவரும்தான் வர்றீங்க. அவரும் படம் முழுக்கத் திட்டிக்கிட்டே பாக்குறாரு."

"திட்டட்டும். அதுல பச்சைக் கார் ஓட்டுறது ரெய்னோ, என் வீட்டுக்காரர். இந்த மாதிரி நாலஞ்சு படத்துல தலை காட்டினவர். இந்த மனுஷன் வாயால ஒரு தடவை அவர் பேரைக் கேட்டுட்டாப் போதும் எனக்கு."

"ரெண்டு பேருக்கும் பழைய பகையா?"

"பகையா? அவங்களை மாதிரி நெருக்கம் வேற யாருக்கு வரும்?"

வீட்டுக்காரர் இப்போது இருக்கிறாரா என்று கேட்க என்சியோ தயங்கினான். படத்தைப் போட்டுவிட்டுப் பின்வரிசையில் உட்கார்ந்தான்.

பச்சைக் கார் பனியைக் கிழித்துக்கொண்டு வந்தது. பெரியவர் ஆரம்பித்துவிட்டார்.

"வளைவு வருதுடா மடையா! நடுரோட்டுப் பனிமான் மாதிரி முழிக்காதே! இடது காலால பிரேக்கை அமுக்கு!"

சொல்லிக்கொண்டே, பந்தயக்காரர்கள் பிரேக் போடுகிற மாதிரி தரையை இடது காலால் மிதித்தார். வயிற்றெரிச்சல் காலிலும் தெரிகிறதே என்று நினைத்துக்கொண்டான் என்சியோ.

கார் நின்றது. ஹெல்மெட்டைக் கழற்றிய ரெய்னோ, "பரவாயில்லை" என்று முணுமுணுத்தார். படத்தில் அவருக்கு அது ஒன்றுதான் வசனம்.

"ஒரே வார்த்தை! அதையும் முழுங்கிட்டான்!" பெரியவர் தொடையைத் தட்டிச் சிரித்தார்.

டெல்லெர்வோ அவர் பக்கம் சாய்ந்தாள். "சரி, யாரு அவரு? பேரைச் சொல்லுங்க."

"எவனோ வெளியூர்க்காரன்."

"யாம்சாக்காரர்தான். சொல்லுங்களேன்."

பெரியவர் திரையின் பக்கம் திரும்பிக்கொண்டார். ஃபின்லாந்துக்காரனிடம் பாராட்டு வாங்குவது கல்லில் நார் உரிக்கிற வேலைதான். அதற்காக ஒரு பேரைச் சொல்லக்கூடவா இத்தனை வீம்பு? என்சியோவுக்கே எரிச்சலாக வந்தது.

படம் முடிந்து விளக்கு எரிந்தது. டெல்லெர்வோ கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பெரியவர் மெல்ல எழுந்தார். அவர் குரல் ஏனோ இறங்கியிருந்தது.

"எமகாதகன். நல்லாத்தான் ஓட்டுறான். நேர்ல பாத்து ஒரு சபாஷ் சொல்லணும். எங்கே இருக்கான் அவன்?"

டெல்லெர்வோ அவருடைய கம்பளிக் கோட்டின் பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போட்டுவிட்டாள்.

"நம்ம வீட்டுலதான் இருக்காரு, ரெய்னோ. வாங்க, போகலாம்."