அக்காவின் ஸ்டெப்

குதிகால் விண்விண்ணென்று தெறித்தது. காலையிலிருந்து பலகைமேல் நின்று தட்டிக்கொண்டிருக்கிறாள் கிளியோட்டா.

சத்தம் பிடிக்கிற அறை. சுவரெல்லாம் கம்பளி. மைக்கில் இரையும் என்று மின்விசிறியையும் நிறுத்திவிட்டார்கள். அடுப்புக்குள் நிற்பது போலிருந்தது.

எதிரே திரையில் நடிகை மிஸ் ஹால்ஸி ஊமையாக ஆடிக்கொண்டிருந்தாள். அந்த வெள்ளைக் கால் தரையைத் தொடும்போதெல்லாம் கிளியோட்டாவின் கறுப்புக் கால், தகடு அடித்த ஷூவால் தட்ட வேண்டும். சத்தம் இவளுடையது. படம் அவளுடையது.

பேசும்படம் வந்ததும் ஆட்டமும் பாட்டும் நடந்த வெரைட்டி மேடைகள் ஒவ்வொன்றாக மூடிக்கொண்டிருந்தன. இதையும் விட்டால் யார் வீட்டிலாவது துணி துவைக்கத்தான் போக வேண்டும்.

மிஸ் ஹால்ஸி குதிகாலை உருட்டி, விழப்போகிறவள் போலச் சாய்ந்து, விரல்நுனியில் பிடித்து நின்றாள்.

கிளியோட்டா தட்டவில்லை.

"ஏய், தூங்கிட்டியா?" கண்ணாடிக்குப் பின்னாலிருந்து டைரக்டர் கத்தினார்.

"முழிச்சுத்தான் இருக்கேன் சார். அது எங்க அக்கா ஸ்டெப்பு. அந்தம்மா ஹார்லெம் கிளப்புல முன்வரிசையில உக்காந்து பாத்து எடுத்துட்டுப் போயிட்டாங்க."

"ஸ்டெப்புக்கெல்லாம் பத்திரம் எழுதி வச்சிருக்கீங்களா?"

கறுப்பர்கள் குடியிருக்கும் ஹார்லெமில் பத்திரம் கிடையாது. அடுத்தவர் ஸ்டெப்பை ஆடணுமென்றால் வீடு தேடிப் போய், அவர் முன்னால் ஆடிக் காட்டி, சம்மதம் வாங்கணும். வாங்காதவர் ஆடினால் கூட்டம் பாதியில் எழுந்து போய்விடும்.

"அக்கா சரின்னா தட்டறேன். வேற ஆளைக் கூட்டிட்டு வாங்க, ஹார்லெம்ல ஒரு காலும் இதுக்குத் தட்டாது."

"சரி, மகாராணிக்குக் கார் அனுப்பறேன். எங்க இருக்கா?"

"வெளியூர்ல ஆடறா. எப்ப வருவாளோ."

திரும்பத் திரும்ப ஓட்டினார்கள். அந்த இடம் வரும்போதெல்லாம் அவள் இரண்டு காலையும் ஊன்றிக் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

கடைசியில் தட்டல் இல்லாத அந்த இடத்தை ஒரு ட்ரம்பெட்டை ஊதி மூடினார்கள். கிளியோட்டாவை இனி வரவேண்டாம் என்று அனுப்பிவிட்டார்கள்.

படம் ஹார்லெமுக்கும் வந்தது. ட்ரம்பெட் கிளம்பிய இடத்தில் தியேட்டர் பால்கனியே காலால் அந்த ஸ்டெப்பைத் தட்டியது. தட்டி முடித்ததும் எல்லாத் தலைகளும் அங்கே உட்கார்ந்திருந்த கிளியோட்டா பக்கம் திரும்பின.

கிளியோட்டாவுக்கு அக்கா கிடையாது. தங்கையும் கிடையாது. 'என் ஸ்டெப்' என்று உண்மையைச் சொல்லியிருந்தால், 'அதுக்கும் சேத்துத்தான் கூலி, தட்டு' என்றிருப்பார்கள்.

மிஸ் ஹால்ஸி அவளிடம் வந்து வாங்க வேண்டிய சம்மதம் இன்னும் பாக்கி.