ஒரே ஒரு கேரட்

"அண்ணே, ஒரு கேரட் இருக்குமா?"

கதவைத் திறந்தா மேல்வீட்டு பஸ்காரம்மா. டிரைவர் சட்டையைக்கூட மாத்தாம வந்து நிக்கறாங்க.

கதவைத் திறந்த லிஃப்ட் மெக்கானிக் கையில டீ கப். கப்புக்குள்ள பாதி பன்.

"கேரட்டா? இல்லயேம்மா."

"அச்சச்சோ. சூப் வெக்கலாம்னு பார்த்தேன். சரி, நாளைக்கு வாங்கி வெச்சிருங்கண்ணே. நான் டியூட்டி முடிச்சு வர்றதுக்குள்ள கடையைச் சாத்திடறாங்க."

சொல்லிட்டு மாடி ஏறிப் போயிட்டாங்க.

மெக்கானிக் கதவைச் சாத்தினாரு. இருக்கற சாமானைக் கடன் கேப்பாங்க, பார்த்திருக்காரு. இல்லாத சாமானை வாங்கி வெச்சுக் கடன் குடுன்னு கேக்கற ஆளை இப்பத்தான் பார்க்கறாரு.

அவர் வீட்டுக்காரம்மா ஆஸ்பத்திரி நர்ஸ். தலைமை நர்ஸ் பயிற்சிக்காக வேற ஊருக்குப் போய் அஞ்சு வாரம் ஆச்சு. ஆறு மாசப் பயிற்சி. எட்டு வருஷம் காத்திருந்து கிடைச்ச இடம். கிளம்பும்போதே கறாரா சொல்லிட்டாங்க.

"நீங்க ஒழுங்கா சாப்பிடலைன்னு தெரிஞ்சுது, பாதியிலேயே மூட்டையைக் கட்டிட்டு வந்துருவேன். அப்புறம் அந்தப் பதவி எனக்கு இந்த ஜென்மத்துல இல்ல."

அதனால தினமும் போன்ல ஒரே பாட்டு.

"சாப்பிட்டீங்களா?"

"ஆச்சு ஆச்சு."

"என்ன சாப்பிட்டீங்க?"

"அதான்... காய்கறி எல்லாம் போட்டு ஏதோ."

உண்மையில பன்னும் டீயும்தான். பெல்ட்டுல புதுசா ரெண்டு ஓட்டை போட்டாச்சு. வீடியோ காலா இருந்தா போனைக் கழுத்துக்கு மேலயே பிடிச்சுக்குவாரு.

மறுநாள் கடைக்குப் போனாரு. ஒத்தைக் கேரட்டை எப்படிக் கேக்கறதுன்னு கூச்சம். அரைக் கிலோ வாங்கிட்டாரு. பஸ்காரம்மா வந்தாங்க, அதுல ஒண்ணை மட்டும் உருவினாங்க.

"பொடிசா நறுக்கினா சீக்கிரம் வெந்துரும்ணே."

அவர் கேக்கவே இல்ல. அவங்களா சொல்லிட்டுப் போனாங்க.

மிச்சக் கேரட்டை மெக்கானிக் பார்த்தாரு. அவருக்கு ஒரு குணம். எதையும் தூக்கிப் போட மனசு வராது. பழைய நட்டு, போல்ட்டு, வாஷர்னு சைஸ் வாரியா பதினோரு டப்பா வீட்ல இருக்கு. கேரட்டை எந்த டப்பாவுல போடறது?

புதன்கிழமை ஒரு வெங்காயம். "முதல்ல இதைத்தான் எண்ணெயில வதக்கணும்ணே."

வியாழன் ஒரு தக்காளி. "நல்லா கரையற வரைக்கும் விடணும். அப்புறம்தான் தண்ணி."

வெள்ளிக்கிழமை ஒரு கைப்பிடி பாஸ்தா. "சின்னச் சின்னக் குழாயா இருக்குமே, அது. காய் பாதி வெந்ததும் கொதிக்கற தண்ணியில அப்படியே போட்டுடலாம். தனியா வேக வெக்கவே வேணாம்."

"ஏம்மா, ஒண்ணு கேக்கறேன். நீ இதுவரைக்கும் அந்த சூப்பை வெச்சியா, இல்லையா?"

"எங்கண்ணே, தினமும் ஒண்ணு குறையுது."

அவங்க போனதும் மெக்கானிக் சமையல் மேடையைப் பார்த்தாரு. கேரட். வெங்காயம். தக்காளி. ஒரு பாக்கெட் பாஸ்தா, பார்க்க லிஃப்ட் கதவு உருளைக்குள்ள போடற குட்டிக் குழாய் மாதிரியே. எல்லா பாகமும் வந்து இறங்கியாச்சு. மாட்டிப் பார்த்தா என்ன?

வெங்காயம் வதங்கிச்சு. தக்காளி கரைஞ்சுது. தண்ணி கொதிச்சுது. கேரட் பாதி வெந்துச்சு. ஒரு கைப்பிடி பாஸ்தா. ஆனா அது ஸ்பேனர் பிடிச்சு வளர்ந்த கை, பாக்கெட்ல பாதி உள்ள போயிடுச்சு. கரண்டி நட்டுக்குத்தலா நின்னுச்சு. ரெண்டு சொம்பு தண்ணி ஊத்தி, உப்பும் மிளகும் தூவி, வேலையை முடிச்சாரு. அரை மணி நேரம்கூட ஆகல.

அடுப்புப் பக்கத்துல நின்னுக்கிட்டே ஒரு கிண்ணம் குடிச்சாரு. அப்புறம் உக்காந்து இன்னும் ரெண்டு.

சனிக்கிழமை சாயங்காலமும் பாத்திரத்துல பாதி இருந்துச்சு. சூடு பண்ணி, ஒரு தூக்குல ஊத்திக்கிட்டு மாடி ஏறினாரு. பாவம், நாலு நாளா சூப்புக்கு ஏங்குதுன்னு நினைப்பு.

கதவு திறந்து கிடந்துச்சு. உள்ள எங்கயோ குழாயில தண்ணி ஓடற சத்தம். அவர் கண்ணு நேரா சமையல் மேடைக்குப் போச்சு.

அங்க ஒரு கூடை நிறைய கேரட். பக்கத்துல வெங்காயம், தக்காளி, ஒரு பெரிய ஜாடி நிறைய பாஸ்தா. எல்லாத்துக்கும் மேல ஒரு தட்டு. அதுல அவர் குடுத்த கேரட், வெங்காயம், தக்காளி, கைப்பிடி பாஸ்தா. வெச்சது வெச்சபடி.

தூக்கோட திரும்பி இறங்கிட்டாரு. காதெல்லாம் சூடாயிடுச்சு. வீடு கொள்ளாத காயை வெச்சுக்கிட்டு என்கிட்ட ஒண்ணொண்ணா உருவறதா? நாலு நாளா என்னை வெச்சு வேடிக்கை பார்க்கறதா?

படிக்கிற இடத்துல எதுக்கு நச்சரிக்கணும்னு, இந்தக் கேரட் கதையை வீட்டுக்காரம்மாகிட்ட அவர் இதுவரைக்கும் மூச்சே விடல. இன்னிக்குச் சொல்லாம இருக்க முடியாது. போனைப் போட்டாரு.

"கேளு. உன் சிநேகிதி, மேல்வீட்டு பஸ்காரம்மா இருக்காங்களே..."

"அதை அப்புறம் சொல்லுங்க, வகுப்புக்குக் கூப்பிடறாங்க. நாளைக்கு அவ பட்டாணி கேப்பா."

மெக்கானிக் அண்ணாந்து மேல்வீட்டுப் பக்கம் பார்த்தாரு.

"கொஞ்சமா வாங்கிடாதீங்க, அரைக் கிலோவா வாங்குங்க. அவ எடுத்தது போக உங்களுக்கு மிச்சம் இருக்கணும்."