மனேத்தா என்றொரு கண்டம்

கறுப்பு மேலங்கிக்காரன் மூன்றாவது நாளும் கிணற்றடியில் வந்து நின்று, அச்சுக்கூடத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். ஜன்னல் இடுக்கு வழியாக அவன் இடுப்பில் தொங்கிய கத்தியைப் பார்த்ததும் லீன்ஹார்ட் ஜன்னலை இழுத்துச் சாத்தினான்.

"படகுக்காரர்கிட்ட விசாரிச்சேன்," என்றாள் அவன் மனைவி ஒட்டிலி, முட்டைக்கோஸை நறுக்கிக்கொண்டே. "படகுல ஏற மாட்டேன்னுட்டானாம். பாலம் வழியா சுத்திக்கிட்டு அரை நாள் நடந்தே வந்திருக்கான்."

"பின்னே? படகுத்துறைன்னா நாலு பேர் மூஞ்சியைப் பார்த்துடுவாங்க இல்ல. ராஜாவோட ஆளுதான் அவன். என்னைக் கொண்டுபோகத்தான் வந்திருக்கான்."

"உலகத்துக்குப் பேர் வைங்கன்னு உங்களை யார் கேட்டா? நம்ம கழுதைக்கே நீங்க இன்னும் ஒரு பேர் வைக்கல."

வோஜ் மலையடிவாரத்து அந்தச் சின்ன ஊரில் உலகப்படம் வரைபவன் லீன்ஹார்ட் ஒருவன்தான். பக்கத்து நகரம் ஸ்ட்ராஸ்பூருக்கு அப்பால் கால் வைத்ததில்லை. ஆனாலும் அந்த வசந்தத்தில், மேற்குக் கடலுக்கு அப்பால் கண்டுபிடித்ததாகச் சொல்லப்பட்ட புது நிலத்தை நான்காவது கண்டமாக மரக்கட்டையில் செதுக்கி, அதற்கு ஒரு பெயரும் கொடுத்து அச்சிட்டுவிட்டான்.

திராட்சை அறுப்பு வரைக்கும் பாராட்டுதான். அதன் பிறகு வந்த வியாபாரி ஒருவன் சேதி சொன்னான். தெற்கே ஏதோ ஒரு துறைமுகத்தில், கடற்கரைகளை வரைந்து வெளியாருக்குக் கொடுத்தவனைத் தூக்கில் போட்டுவிட்டார்களாம். கடல் வழி அங்கே அரண்மனை ரகசியமாம். அன்றிலிருந்து லீன்ஹார்டுக்குச் சோறு இறங்கவில்லை.

கதவை யாரும் தட்டவில்லை. அது தானாகத் திறந்தது. உள்ளே வந்த கறுப்பு மேலங்கிக்காரன் திரும்பித் தாழ்ப்பாளைப் போட்டான்.

மடித்து வைத்திருந்த தாளை எடுத்து மேஜையில் விரித்தான். லீன்ஹார்டின் உலகப்படம். சுருண்டுகொண்ட ஓரத்தின் மேல் கத்தியை எடுத்து வைத்தான்.

"இந்தப் பேரை வெச்சது யாரு?"

"என் புருஷன் வெறும் கட்டை செதுக்கறவர் ஐயா," என்று ஒட்டிலி முந்திக்கொண்டாள். "அவருக்கு ஒண்ணும் தெரியாது."

"நான்தான் வெச்சேன்," என்றான் லீன்ஹார்ட்.

"எத்தனை தாள் வெளியே போயிருக்கு?"

"ஆயிரம்."

"எங்கெங்கே?"

"பாசெல், நூரம்பெர்க், பாரிஸ்... கடல்புரத்துக்கும் கொஞ்சம் போயிருக்கு."

அந்த ஆள் முகத்தில் ரத்தம் வற்றிப்போனது. பெஞ்சில் தொப்பென்று உட்கார்ந்தான். கோபத்தை அடக்குகிறான் என்று நினைத்த லீன்ஹார்ட் கை கூப்பினான்.

"ஐயா, நான் யார் ரகசியத்தையும் திருடல. ஃபிளாரன்ஸ்காரர் மனேத்தோ அந்தப் புது நிலத்துக்குப் போயிட்டு வந்து எழுதின பயணப் புத்தகத்தைப் படிச்சேன். மரத்துக்கு மரம் வலை கட்டித் தூங்கற ஜனங்க, பேர் தெரியாத நட்சத்திரம், கப்பலைத் தூக்கி எறியற புயல்... படிச்சு அழுதுட்டேன். ஐரோப்பா, ஆசியா எல்லாம் பொம்பளைப் பேரு. அதான் மனேத்தோவை மனேத்தான்னு மாத்திப் போட்டேன்."

"அழிச்சிடு."

"ஐயா?"

"பேரை அழிச்சிடு. கட்டையில இருந்து வெட்டி எடு. பெரிய தப்பு நடந்துபோச்சுன்னு ஊர் ஊருக்கு எழுது. இன்னிக்கே எழுது." கத்தியை லீன்ஹார்ட் பக்கம் தள்ளினான்.

"நீங்க... ராஜாவோட ஆளு இல்லையா?"

"நான்தான் மனேத்தோ."

ஒட்டிலியின் கையிலிருந்த முட்டைக்கோஸ் உருண்டு தரையில் விழுந்தது. லீன்ஹார்ட் முழங்காலிட்டுவிட்டான். தூக்குக்கயிறு போய், அதைவிடப் பெரிய பயம் வந்தது. எவன் சொல்லை நம்பி உலகத்தை வரைந்தானோ அவனே எதிரில் உட்கார்ந்திருக்கிறான். கேட்காமல் எடுத்துக்கொண்டது அவன் பெயரை.

"மன்னிச்சிடுங்க தலைவரே. மரியாதைன்னு நினைச்சுத்தான் வெச்சேன். நீங்க எழுதின கப்பல் பயண நாள் கணக்கை வெச்சுத்தான் இந்தக் கரை மொத்தமும் போட்டேன். ஒரு விரல்கடை தப்பா இருந்தாலும் சொல்லுங்க, திருத்திடறேன்."

மனேத்தோ அந்தக் கரையைப் பார்த்தான். அதன் மேல் விரலை ஓட்டினான்.

"துறைமுகத்துல பதினோரு கப்பல் நிக்குதாம்," என்றான் கடைசியில். "அறுநூறு பேரு. எல்லார் கையிலயும் உன் படம். அதுல என் பேரைப் பார்த்துட்டு, முன்னாடி நின்னு வழி காட்டச் சொல்லி என்னைத் தேடிப் பிடிச்சாங்க. குளிர் முடிஞ்சதும் பாய் விரிக்கணுமாம்."

ஒட்டிலிக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. திராட்சை மது ஊற்றிய கோப்பையை அவன் முன்னால் வைத்தாள்.

"நல்ல சேதிதானே தலைவரே. மறுபடியும் அங்கே போகப் போறீங்க. இதுக்கா இப்படிப் பதறறீங்க?"

மனேத்தோ தாழ்ப்பாளை ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொண்டான். பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னான்:

"அம்மா, நான் இன்னும் கடலையே பார்த்ததில்ல."