கயிறு கட்டும் காட்சி

லண்டனுக்கு வெளியே, மூடிக்கிடந்த பிஸ்கட் தொழிற்சாலை ஒன்றில் அந்த உளவுப் படத்தின் விசாரணைக் காட்சியை எடுத்துக்கொண்டிருந்தார்கள். நாற்காலியில் கட்டிவைக்கப்படும் கைதி வேடம் குகனேசனுக்கு. வசனம் கிடையாது, அடி மட்டும்தான். கதாநாயகன் கட்டிய கயிறு மூன்று தடவையும் நழுவி விழுந்தது. பொறுக்கமாட்டாமல் குகனேசன் எழுந்து, கதாநாயகனையே நாற்காலியில் இருத்தி, இரண்டே சுற்றில் அவன் கைகளைக் கட்டிக் காட்டினான். எல்லோரும் கைதட்டினார்கள். படத்தின் ஆலோசகர் விட்டேக்கர் மட்டும் தட்டவில்லை. அந்தக் கிழவர் நிஜமாகவே உளவுத்துறையில் இருந்தவர் என்று பேச்சு.

தேநீர் இடைவேளையில் விட்டேக்கர் குகனேசனின் பக்கத்தில் வந்து நின்றார்.

“உந்த முடிச்சை ஆரிட்டைப் பழகினனீர்?”

வெள்ளைக்காரர் வாயில் சுத்தமான யாழ்ப்பாணத் தமிழ். குகனேசன் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தான்.

“அப்பா கடலுக்குப் போறவர், ஐயா. வள்ளம் இப்பிடித்தான் கட்டுவார்.”

“வவுனியாவிலை ஏது கடல்?” என்று சிரித்துவிட்டுப் போனார்.

படப்பிடிப்பில் ஒருவரும் குகனேசனிடம் ஊர் கேட்கவில்லை. வவுனியா என்று அவன் சொன்னது இந்த நாட்டில் ஒரேயொரு இடத்தில்தான். ஆறு வருடங்களுக்கு முன், அகதி விண்ணப்ப விசாரணையில், எந்த ஆயுத இயக்கத்திலும் இருந்ததில்லை என்று சொன்ன அதே மூச்சில்.

உள்ளே கூப்பிட்டார்கள். வெளிவாசல் திறந்துதான் கிடந்தது. ஓடினால் அதுவே பதிலாகிவிடும் என்று நினைத்து, குகனேசன் திரும்பிப் போய் நாற்காலியில் அமர்ந்தான். விளக்குகளைச் சரிபார்க்க, கதாநாயகனின் இடத்தில் விட்டேக்கரை உட்காரவைத்திருந்தார்கள். அவர் மேசைமேல் சாய்ந்து குரலைத் தாழ்த்தினார்.

“கமரா இன்னும் ஓடேல்லை, தம்பி. சொல்லும், உண்மையிலை நீர் எந்த ஊர்?”