கனியமுதனின் ஒரே ரசிகை

கனியமுதன் தனியாளாகப் பேய்ப்படம் எடுப்பவர். வரதட்சணைக்காகத் தலை வெட்டப்பட்ட மணப்பெண், மாமியார் வீட்டுக்குத் திரும்பி வருவதுதான் அவருடைய நான்காவது படம்.

அவர் காலத்தில் தியேட்டர் நாற்காலிகளே பார்வையாளர்களின் நாடியைப் பார்க்கும். அரங்கில் ஒருவருடைய துடிப்பு தொண்ணூறைத் தாண்டினாலும் போதும், யாரும் பயப்படக் கூடாதென்று திரை தானாகவே காட்சியை இதமாக மாற்றிவிடும். முதல் நாள் மணப்பெண் கதவைத் தட்டியதும் யாரோ பயந்துவிட்டார்கள். உடனே அவளுக்குத் தலை முளைத்தது. மாமியாருக்கு லட்டு ஊட்டினாள். ஜனங்கள் கண்கலங்கிக் கைதட்டினார்கள். சிறந்த குடும்பப் படம் என்று விருதும் கொடுத்தார்கள்.

"நான் எடுத்ததை ஒருத்தராவது பார்க்கணும்," என்று மனைவி ஜெசிந்தாவிடம் புலம்பினார்.

"பயப்படாத ஆளாப் பாருங்க," என்றாள் அவள்.

பிணவறையில் முப்பது வருடம் வேலை பார்த்த அஞ்சலையம்மாளைக் கண்டுபிடித்தார். அவருக்கு நாடி அறுபதைத் தாண்டியதே இல்லை. காலைக் காட்சிக்கு அரங்கு முழுவதையும் எடுத்து, அவரை மட்டும் உட்காரவைத்தார். தன் படபடப்பே படத்தைக் கெடுத்துவிடும் என்று கனியமுதன் வெளியே நின்றார்.

இரண்டு மணி நேரம் கழித்து அஞ்சலையம்மாள் வந்தார்.

"பயமா இருந்துச்சாம்மா?"

"அதெல்லாம் இல்ல. ஆனா கடைசி வரைக்கும் அந்தப் பொண்ணோட தலையை யாருமே தேடலையே, ஏம்ப்பா?"

கதை எழுதும்போது அது கனியமுதனுக்குத் தோன்றவே இல்லை.

"தலை இல்லாம நாங்க எந்த உடம்பையும் வீட்டுக்கு அனுப்பினதில்ல," என்றார் அஞ்சலையம்மாள். "போய்த் தேடிட்டு வா. அப்புறம் கூப்பிடு, வந்து பார்க்கிறேன்."